சாம்பலான மண்டபமும் சாகாத இசையும்

நவம்பர் இரண்டாம் நாள் நம் கல்லறைத் திருநாள். மறைந்த நம் உறவினரின் கல்லறைகளில் பூ வைத்து, மெழுகுவர்த்தி ஏற்றி, அவர்களுக்காக மன்றாடும் நாள். 1969ஆம் ஆண்டு அதே நவம்பர் 2ஆம் நாள் இரவு, இங்கிலாந்தில் பல வீடுகளில் மக்கள் தொலைக்காட்சிப் பெட்டியின் முன் அமர்ந்து ஓர் இசைநாடகத்தைக் கண்டு கொண்டிருந்தார்கள். வாத்தியக் குழு முழங்கியது. மீனவர்களும் பெண்களும் கூடிநின்று பாடினார்கள். ஆனால் அந்த இசை எழுந்த மண்டபம் அன்று முழுமையாக இல்லை. ஐந்து மாதங்களுக்கு முன்பே அதன் கூரை எரிந்து விழுந்து, சுவர்கள் மட்டுமே நின்றன!

இல்லாத மண்டபத்திலிருந்து இசை எப்படி வந்தது? இதை அறிந்தபோது எங்களுக்கு முதலில் வியப்பும், பிறகு ஒரு நல்ல பாடமும் கிடைத்தது. அதை எங்கள் தோழியருடன் பகிர்ந்துகொள்ளவே இக்கட்டுரையை எழுதுகிறோம்.

கடலோரத்தில் ஓர் இசைவிழா

இங்கிலாந்தின் கிழக்குக் கரையில் சஃபோக் என்னும் மாவட்டம் உள்ளது. அங்கே வடகடலை நோக்கி அமைந்த சிற்றூர் ஆல்ட்பரோ. கூழாங்கற்கள் நிறைந்த கரை, இழுத்துப் போட்ட மீன்பிடிப் படகுகள், ஓயாத காற்று, இவையே அவ்வூரின் அடையாளங்கள். இந்த ஊரில் வாழ்ந்தவர்தான் இருபதாம் நூற்றாண்டின் தலைசிறந்த ஆங்கில இசையமைப்பாளருள் ஒருவரான பெஞ்சமின் பிரிட்டன். பெயரைக் கேட்டதும் நாட்டின் பெயர் என்று எண்ணிவிட வேண்டாம். அது அவருடைய குடும்பப் பெயரே. அவர் பிறந்தது 1913ஆம் ஆண்டு நவம்பர் 22ஆம் நாள். அது இசைக்குப் பாதுகாவலியான புனித செசிலியாளின் திருநாள் என்பதை நம் பாடகர் குழுவினர் நன்கு அறிவார்கள்.

1948ஆம் ஆண்டில் பிரிட்டனும், அவருடைய நண்பரும் பாடகருமான பீட்டர் பியர்சும், எழுத்தாளர் எரிக் குரோசியரும் சேர்ந்து தம் ஊரிலேயே ஓர் இசைவிழாவைத் தொடங்கினார்கள். பெரிய இசை என்றால் பெரிய நகரத்திற்குத்தான் போக வேண்டுமா, நம் ஊருக்கே அதை அழைத்துவரக் கூடாதா என்பதே அவர்கள் எண்ணம். ஆண்டுதோறும் ஜூன் மாதத்தில் விழா நடந்தது. ஊரிலிருந்த ஜூபிலி மண்டபமோ மிகச் சிறியது. ஆகையால் சுற்றுவட்டாரத்துக் கோவில்களிலும் நிகழ்ச்சிகள் நடந்தன. ஆர்ஃபோர்டு என்னும் ஊரின் கோவிலில் 1958ஆம் ஆண்டு நோவாவின் வெள்ளத்தைப் பற்றிய இசைநாடகம் முதன்முதலாக அரங்கேறியது. அதில் நடித்தவர்களில் பெரும்பாலோர் சிறுவர் சிறுமியர். மழைத்துளி விழும் ஓசைக்காகக் கோப்பைகளைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டுத் தட்டினார்களாம்! 1968இல் அதே கோவிலில் ஊதாரி மகன் உவமையும் இசைநாடகமாயிற்று.

விழா வளர வளர இடம் போதவில்லை. பெரிய வாத்தியக் குழுவையும் பெரிய பாடகர் குழுவையும் ஒருசேர அமர்த்த ஒரு மண்டபம் தேவைப்பட்டது.

தானியக் கிடங்கு இசை மண்டபமானது

ஆல்ட்பரோவிலிருந்து சில மைல் தொலைவில், ஆற்றங்கரையில், நாணற்புதர்களுக்கு நடுவே ஸ்னேப் என்னும் சிற்றூர் இருக்கிறது. அங்கே செங்கல்லால் கட்டிய பெரும் கட்டடங்கள் வரிசையாக நின்றன. பார்லியை நனைத்து, முளைக்க வைத்து, சூட்டில் உலர்த்தும் தொழில் அங்கே நடந்து வந்தது. அத்தொழிலை அங்கே நிறுவியவர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் வாழ்ந்த நியூசன் காரெட் என்ற வணிகர்.

பெண்கள் பள்ளியில் பயிலும் நாம் அவருடைய பெயரை மறக்கக் கூடாது. ஏனெனில் அவருடைய மகள் எலிசபெத் 1865இல் இங்கிலாந்தில் மருத்துவராகத் தகுதி பெற்ற முதல் ஆங்கிலப் பெண்மணி; பின்னர் 1908இல் ஆல்ட்பரோ நகரின் மேயராகவும் ஆனார். இன்னொரு மகள் மில்லிசென்ட் பெண்களுக்கு வாக்குரிமை வேண்டிப் பல்லாண்டு அமைதி வழியில் போராடியவர். தந்தையின் கிடங்கில் தானியம் முளைத்தது; வீட்டிலோ புதிய காலமே முளைவிட்டது!

1965ஆம் ஆண்டில் அங்கே தொழில் நின்றுபோயிற்று. கட்டடம் சும்மா கிடந்தது. பிரிட்டன் அதைப் பார்த்தார். பழைய செங்கற் சுவர்களை இடிக்காமல், மேலே மரத்தாலான புதிய கூரை எழுப்பி, எண்ணூறு பேருக்கு மேல் அமரக்கூடிய மண்டபமாக அதை மாற்றினார்கள். கட்டுமானப் பணியை ஏற்றவர்கள் ஓவ் ஆரப் என்பவரின் பொறியியல் நிறுவனத்தார். செங்கல்லும் மரமும் சேர்ந்த அந்த மண்டபத்தில் ஒலி வறண்டும் போகவில்லை. எதிரொலித்துக் குழம்பவும் இல்லை. வெம்மையாகவும் தெளிவாகவும் ஒலித்தது என்று இசைவாணர்கள் பாராட்டினார்கள்.

1967ஆம் ஆண்டு ஜூன் 2ஆம் நாள் இரண்டாம் எலிசபெத் அரசியார் மண்டபத்தைத் திறந்துவைத்தார். அன்றைய விழாவுக்கென்றே பிரிட்டன் ஒரு புதிய இசைப் படைப்பை இயற்றியிருந்தார். அதற்கு அவர் எடுத்துக்கொண்ட சொற்கள் திருவிவிலியத்தின் 127ஆம் திருப்பாடலிலிருந்து வந்தவை. இறைவனின் துணையின்றி மனிதர் எழுப்பும் வீடு வீணே என்பது அத்திருப்பாடலின் கருத்து. இரண்டே ஆண்டுகளில் அந்தக் கருத்தை அவர்கள் எவ்வளவு கடுமையாக நினைத்துப் பார்க்க நேர்ந்தது!

காமிரா கண்ட விழா

எண்ணூறு பேர் அமரும் மண்டபத்தில் எண்ணூறு பேரே கேட்க முடியும். நாட்டிலுள்ள மற்றவர்கள் என்ன செய்வது? அவர்களுக்குக் கதவைத் திறந்தது தொலைக்காட்சி.

1967ஆம் ஆண்டு விழாவை டோனி பாமர் என்ற இளம் இயக்குநர் பிபிசி நிறுவனத்துக்காகத் திரைப்படச் சுருளில் பதிவுசெய்தார். 'பெஞ்சமின் பிரிட்டனும் அவருடைய விழாவும்' என்ற பொருள்படும் தலைப்பு அதற்கு. மேடையை மட்டும் காட்டும் படம் அல்ல அது. மண்டபத்தைத் திறப்பதற்கான ஆயத்தங்கள், ஒத்திகைகள், கடற்கரை ஊர், எரியும் தீச்சூளையில் எறியப்பட்ட மூன்று இளைஞரின் கதையை ஆர்ஃபோர்டு கோவிலில் இசைநாடகமாக நடத்தியது, வியன்னாவிலிருந்து வந்த சிறுவர் பாடகர் குழு, இவை எல்லாம் அதில் இடம்பெற்றன. பாட்டு எப்படிப் பிறக்கிறது என்பதைப் பாமர மக்களும் வீட்டிலிருந்தபடியே கண்டார்கள். அந்தப் படம் அமெரிக்காவிலும் காட்டப்பட்டது.

திரைப்படச் சுருளில் எடுப்பது ஒரு முறை. காமிராவைத் தோளில் சுமந்து செல்லலாம். வேண்டியதை எடுத்து, வேண்டாததை வெட்டி ஒட்டலாம். ஆனால் முழு இசைநாடகம் ஒன்றைத் தொலைக்காட்சிக்காக ஆக்குவது வேறு வேலை. அதற்குப் பல காமிராக்கள் ஒரே நேரத்தில் ஓட வேண்டும். அவை தரும் காட்சிகளைக் கட்டுப்பாட்டு அறையில் வரிசையாகப் பார்த்து, எந்த நொடியில் எந்தக் காட்சி என்று இயக்குநர் தேர்ந்து சொல்ல வேண்டும். அது காந்த நாடாவில் பதிவாகும்.

இதில் ஒரு பெரிய சிக்கல் இருந்தது. அக்காலத்துத் தொலைக்காட்சி நிலையங்களில் மேடை அலங்காரம், பாடகர், காமிராக்கள், விளக்குகள் ஆகியவற்றோடு எழுபது எண்பது பேர் கொண்ட வாத்தியக் குழுவுக்கும் ஒரே அறையில் இடம் கிடைப்பது அரிது. எனவே வாத்தியக் குழுவையும் இசை நடத்துநரையும் ஓர் அறையில் வைப்பார்கள். பாடகரை இன்னோர் அறையில் வைப்பார்கள். நடத்துநரின் கையசைவைச் சிறு தொலைக்காட்சிப் பெட்டி வழியே பார்த்து உதவி நடத்துநர் ஒருவர் பாடகருக்குக் காட்டுவார். வாத்திய இசை ஒலிபெருக்கி வழியே அவர்களை எட்டும்.

பார்ப்பவர்களுக்கு இது தெரியாது. ஆனால் பாடுகிறவர்களுக்குத் தெரியும். திருப்பலியில் பாடும் எங்களுக்கு இது நன்றாகப் புரிகிறது. ஆர்மோனியம் வாசிப்பவர் எங்கள் மூச்சைப் பார்த்து ஒரு கணம் தாமதிப்பார். நாங்கள் அவர் விரலைப் பார்த்து அடுத்த அடியை எடுப்போம். யாரும் வாய் திறந்து சொல்வதில்லை. நடுவில் ஒரு சுவர் வந்துவிட்டால் அந்தக் கணம் எங்கே போகும்?

பிரிட்டனின் பிடிவாதம்

பிரிட்டனுக்குப் பெரும்புகழ் தேடித் தந்த இசைநாடகம் 'பீட்டர் கிரைம்ஸ்'. ஆல்ட்பரோவில் பிறந்த ஜார்ஜ் கிராப் என்ற கவிஞர் 1810இல் எழுதிய காவியத்திலிருந்து எடுத்த கதை அது. கிரைம்ஸ் ஒரு மீனவன், முரடன். அவனிடம் வேலை பழகிய சிறுவன் கடலில் இறந்துவிடுகிறான். ஊரார் அவன்மீது ஐயங்கொள்கிறார்கள். ஊர்வாய் ஒரு வாயாகிறது, வதந்தி வேட்டையாகிறது. எல்லன் என்ற பள்ளி ஆசிரியை அவனுக்காக இரங்கி நிற்கிறாள். இறுதியில் அவன் தன் படகைக் கடலுக்குள் செலுத்தித் தன் முடிவைத் தேடிக்கொள்கிறான். குற்றம் யாருடையது? அவனுடையதா, ஊராருடையதா? நாடகம் விடை கூறுவதில்லை. நம் மனச்சாட்சியிடம் விட்டுவிடுகிறது.

இந்த நாடகம் முதன்முதலாக லண்டனில் அரங்கேறிய நாள் 1945ஆம் ஆண்டு ஜூன் 7. இந்தத் தேதியை நினைவில் வையுங்கள்.

இதைத் தொலைக்காட்சிக்காக எடுக்கப் பிபிசி விரும்பியது. பிரிட்டனே இசையை நடத்த வேண்டும் என்றும் வேண்டியது. ஆனால் பாடகரும் வாத்தியக் குழுவும் தனித்தனி அறைகளில் இருப்பதற்கு அவர் இசையவில்லை. தன் பாடகரை நேருக்கு நேர் காணாமல் நடத்த முடியாது என்பது அவர் நிலை. பிபிசியின் தொலைக்காட்சி இசைத் துறைக்கு அப்போது தலைவராயிருந்த ஜான் கல்ஷா அவரை நன்கு அறிந்தவர். அவர் ஒரு வழி கண்டார். பிரிட்டன் நிலையத்துக்கு வர வேண்டாம். நிலையமே பிரிட்டனிடம் போகட்டும்! ஸ்னேப் மண்டபத்தையே தொலைக்காட்சி நிலையமாக மாற்றிவிடலாம்.

அவ்வாறே 1969ஆம் ஆண்டு பிப்ரவரி மாதக் கடுங்குளிரில் காமிராக்களும் விளக்குகளும் ஸ்னேப்புக்கு வந்து இறங்கின. மண்டபத்துக்குள்ளேயே மீனவர் ஊரை எழுப்பினார்கள். லண்டன் சிம்பொனி வாத்தியக் குழுவினர் அதே கூரையின் கீழ் அமர்ந்தார்கள். கிரைம்ஸாகப் பாடியவர் பீட்டர் பியர்ஸ். 1945இல் அந்த வேடத்தை முதலில் ஏற்றவரும் அவரே. இப்போது அவருக்கு வயது 58. ஆசிரியை எல்லனாகப் பாடியவர் ஹெதர் ஹார்ப்பர். காட்சிகளை இயக்கியவர் பிரையன் லார்ஜ். இசை நடத்தியவர் பிரிட்டன். வண்ணத்தில் பதிவாயிற்று. இங்கிலாந்தில் வண்ண ஒளிபரப்பு 1967இல்தான், அதுவும் பிபிசியின் இரண்டாம் அலைவரிசையில் மட்டும் தொடங்கியிருந்தது.

பதிவு முடிந்தது. காமிராக்கள் திரும்பிச் சென்றன. மண்டபம் ஜூன் மாத விழாவுக்குக் காத்திருந்தது.

தீ

1969ஆம் ஆண்டின் விழா தொடங்கிய நாள் சனிக்கிழமை. தேதி ஜூன் 7. ஆம், 'பீட்டர் கிரைம்ஸ்' முதன்முதலில் அரங்கேறி இருபத்து நான்கு ஆண்டுகள் நிறைந்த அதே நாள்!

முதல் நாள் கச்சேரி சிறப்பாக நடந்தது. மக்கள் மகிழ்ந்து வீடு திரும்பினார்கள். அன்றிரவு மண்டபத்தில் தீப்பற்றியது. மரக்கூரை கொழுந்துவிட்டு எரிந்து உள்ளே சரிந்தது. பொழுது விடிந்தபோது வானம் பார்த்த செங்கற் சுவர்கள் மட்டும் நின்றன. மண்டபத்திலிருந்த பிரிட்டனின் பியானோவும் தீக்கிரையாயிற்று. இரண்டு ஆண்டுகளுக்கு முன் திருப்பாடல் பாடித் திறந்த வீடு ஓரிரவில் சாம்பலாகிப் போனது.

நாமாக இருந்தால் என்ன செய்திருப்போம்? 'இந்த ஆண்டு விழா இல்லை' என்று அறிவித்துவிட்டு அழுதுகொண்டிருப்போம். அவர்களோ விழாவை நிறுத்தவில்லை. அடுத்து நடக்கவிருந்த மோசார்ட்டின் 'இடோமெனியோ' இசைநாடகத்தைச் சில நாட்களிலேயே பிளைத்பரோ என்னும் ஊரின் கோவிலுக்கு மாற்றினார்கள். சதுப்புநிலத்தின் நடுவே கப்பல் போல் நிற்கும் பழைய கோவில் அது. இங்கிலாந்து முழுவதும் கத்தோலிக்க நாடாயிருந்த பதினைந்தாம் நூற்றாண்டில் கட்டப்பட்டது. அதன் மரக்கூரையில் சிறகு விரித்த வானதூதர்களைச் செதுக்கி வைத்திருக்கிறார்கள். வீடிழந்த இசைக்கு அந்த வானதூதர்களின் நிழலில் இடம் கிடைத்தது. 'ஊர் கூடித் தேர் இழு' என்பார்கள் நம் பெரியோர். அங்கே ஊர் கூடி விழாவையே இழுத்துச் சென்றது.

நாடா காத்த செல்வம்

இப்போது தொடக்கத்தில் கேட்ட கேள்விக்கு வருவோம். பிப்ரவரியில் பதிவான 'பீட்டர் கிரைம்ஸ்' நவம்பர் 2ஆம் நாள் ஒளிபரப்பாயிற்று. எரிந்துபோன மண்டபத்தின் இசையைத்தான் மக்கள் அன்று கேட்டார்கள்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். திரையில் தெரிந்தது மண்டபமல்ல. அதனுள் எழுப்பிய மீனவர் ஊரே தெரிந்தது. மண்டபத்தைக் கண்ணால் காண 1967ஆம் ஆண்டுத் திரைப்படம்தான் துணை. ஆனால் மண்டபத்தின் ஒலி நாடாவில் இருந்தது. ஓர் அறையில் பாடும்போது குரல் சுவரில் பட்டு, கூரையில் பட்டு, நம்மிடம் திரும்பி வருகிறது. ஒவ்வோர் அறையும் குரலுக்குத் தன் சாயலைத் தருகிறது. எரிந்த அந்த மரக்கூரை பாடகரின் குரலுக்குத் தந்த சாயல் அந்த நாடாவில் தங்கிவிட்டது. கூரை போயிற்று, கூரை தந்தது போகவில்லை.

பிரிட்டன் வசதியை மட்டும் பார்த்து லண்டன் நிலையத்தின் இரண்டு அறைகளுக்கு இசைந்திருந்தால், இந்தச் செல்வம் இருந்திருக்காது. மண்டபத்தைக் காக்க வேண்டும் என்று எண்ணி அவர் பிடிவாதம் பிடிக்கவில்லை. தீ வரும் என்று யாருக்குத் தெரியும்? சேர்ந்து பாடுகிறவர்கள் சேர்ந்தே இருக்க வேண்டும் என்ற ஒன்றில் மட்டும் உறுதியாயிருந்தார். தம் கடமையை ஒழுங்காகச் செய்யும்போது, நாம் நினைத்துப் பாராத நன்மையும் அதனோடு சேர்ந்து விளைகிறது.

நாடாவும் அழியாததன்று. அந்நாட்களில் காந்த நாடா விலை மிகுந்தது. ஒரு நிகழ்ச்சியை ஒளிபரப்பிய பிறகு அதை அழித்துவிட்டு, அதே நாடாவில் வேறொன்றைப் பதிவார்கள். அறுபதுகளின் எத்தனையோ நல்ல நிகழ்ச்சிகள் இப்படி மறைந்துபோயின. 'பீட்டர் கிரைம்ஸ்' தப்பியது. பல ஆண்டுகளுக்குப் பின் டிவிடியாகவும் வெளிவந்து, இன்றைய தலைமுறையும் கேட்கும்படி ஆயிற்று.

தொலைக்காட்சியால் எல்லாவற்றையும் தர முடியும் என்று நாங்கள் சொல்லவில்லை. ஆற்றங்கரை நாணலின் சலசலப்பும், இடைவேளையில் வீசும் உப்புக்காற்றும், பக்கத்தில் அமர்ந்தவர் மூச்சடக்கிக் கேட்கும் அமைதியும் பெட்டிக்குள் அடங்குபவை அல்ல. ஆனால் அங்கே போக முடியாதவர்களுக்கும், பின்னால் பிறக்கப் போகிறவர்களுக்கும் அது ஒரு பங்கை எடுத்து வைக்கிறது. விருந்துக்கு வராதவர்களுக்காக வீட்டில் எடுத்து வைக்கும் பங்கு போல.

மீண்டும் எழுந்த வீடு

தீப்பிடித்த மறு ஆண்டே, 1970 ஜூன் மாத விழாவுக்குள், அதே இடத்தில் மண்டபம் மீண்டும் எழுந்தது. அதே அரசியார் மீண்டும் வந்து திறந்துவைத்தார். தொலைக்காட்சிக்காரர்களும் திரும்பி வந்தார்கள். தொலைக்காட்சிக்கென்றே பிரிட்டன் இயற்றிய 'ஓவன் விங்ரேவ்' என்ற இசைநாடகத்தை 1970 நவம்பரில் அங்கேயே பதிவுசெய்து, 1971 மே மாதத்தில் ஒளிபரப்பினார்கள். போருக்குப் போக மறுக்கும் ஓர் இளைஞனின் கதை அது. இம்முறையும் பாடகரும் வாத்தியக் குழுவும் ஒரே கூரையின் கீழ்தான்!

பிரிட்டன் 1976ஆம் ஆண்டு டிசம்பர் 4ஆம் நாள் இறைவனடி சேர்ந்தார். அவர் தொடங்கிய விழா இன்றும் ஜூன் மாதத்தில் நடக்கிறது. ஸ்னேப் மண்டபத்தில் இன்றும் பாட்டு ஒலிக்கிறது.

அன்புத் தோழியரே! நம் வாழ்விலும் எதிர்பாராத தீ வரலாம். கட்டியது இடியலாம், சேர்த்தது தொலையலாம். அப்போது நம்மிடம் எஞ்சுவது எது? நாம் ஒருவரை ஒருவர் பார்த்து, ஒருவர் மூச்சை மற்றவர் அறிந்து, ஒன்றாகச் செய்த வேலைதான் எஞ்சும். அடுத்த முறை நம் பாடகர் குழு ஒத்திகைக்கு மணி அடிக்கும்போது, 'நான் ஒருத்தி வராவிட்டால் என்ன?' என்று யாரும் எண்ண வேண்டாம். ஒரே கூரையின் கீழ் கூடுவோம். ஒரே குரலாய்ப் பாடுவோம். நம் குரலை எந்த நாடா காக்கும் என்று நமக்குத் தெரியாது. இறைவன் அறிவார்.